எங்கள் பொரளையை யார் பதிவது?

பொரளை என்றதும் கொழும்புவாசிகளுக்கு மூன்று இடங்கள் நினைவுக்கு வரும். கனத்தை மயானம், வெலிக்கடைச் சிறைச்சாலை, சீமாட்டி றிட்ஜ்வே சிறுவர் வைத்தியசாலை. மூன்றும் மனிதர் கண்ணீரோடு போகும் இடங்கள். அங்கே பிறந்து வளர்ந்த என்னைப் போன்றவர்களுக்கு இன்னொரு பொரளை உண்டு. அதில் சந்திச் சுற்றுவட்டத்தில் ஒன்றையொன்று முட்டி நிற்கும் பஸ்களும், மஃரிப் வேளையில் பள்ளிவாசலை நோக்கி விரையும் கால்களும் இருக்கும். றிட்ஸ் படமாளிகையை அடையாளமாகச் சொல்லி வழிகாட்டும் முதியவர்கள் இருப்பார்கள். நோன்புக் கஞ்சிக்குப் பாத்திரம் ஏந்தி வரிசையில் நிற்கும் சிறுவர்களும், பக்கத்து வீட்டுச் சிங்கள மாமிக்கு அந்தக் கஞ்சியில் ஒரு கோப்பை கொண்டு போகும் சிறுமியும் இருப்பார்கள். இந்த இரண்டாவது பொரளை எந்தப் படத்திலும் இல்லை. அதைப் பதிந்து வைக்க வேண்டியவர்கள் அங்கே வாழும் நாமே என்பதும், நம் வீட்டுப் பெண்பிள்ளைகளின் கையிலுள்ள கைத்தொலைபேசியே அதற்குப் போதும் என்பதும் என் கருத்து. பெற்றோரில் பலருக்கு இது உவப்பாக இராது என்பதை அறிவேன். ஆகையால் காரணங்களை ஒவ்வொன்றாகச் சொல்கிறேன்.

முதலில் பொரளையைப் பற்றி உலகம் வைத்திருக்கும் படங்களைப் பார்ப்போம். 1983 ஜூலை 23 ஆந் திகதி திருநெல்வேலியில் 13 இராணுவத்தினர் கொல்லப்பட்டனர். மறுநாள் அவர்களின் உடல்களைக் கனத்தையில் அடக்கம் செய்ய ஏற்பாடாகியிருந்தது. அங்கே திரண்ட கூட்டத்திலிருந்தே அன்றிரவு வன்முறை தொடங்கி நகரெங்கும் பரவியது. அந்த இரவில் பொரளை பஸ் தரிப்பிடத்தருகே சந்திரகுப்த அமரசிங்க என்ற பத்திரிகைப் படப்பிடிப்பாளர் ஒரு படம் எடுத்தார். தாக்குவோர் சூழ்ந்து நிற்க, ஒடுங்கி அமர்ந்திருக்கும் ஒரு தமிழர் அதில் இருக்கிறார். கறுப்பு ஜூலையை நினைவுகூரும் இடமெல்லாம் இன்றும் அந்தப் படம் வைக்கப்படுகிறது. அதே வாரம் ஜூலை 25 இலும் 27 இலும் வெலிக்கடைச் சிறைக்குள் 53 தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டனர்.

இன்னொரு படம் நம் சமூகத்தின் நெஞ்சில் இன்னும் ஆறாமல் கிடப்பது. 2020 இல் கொவிட் தொற்றினால் இறந்தோரைக் கட்டாயமாக எரியூட்டும் விதி வந்தது. நல்லடக்கம் செய்யலாம் என்று உலக சுகாதார நிறுவனத்தின் வழிகாட்டல் இருந்தும் அது மாறவில்லை. அந்த டிசம்பரில், பிறந்து 20 நாட்களேயான ஒரு சிசுவின் ஜனாஸா பெற்றோரின் விருப்பத்துக்கு மாறாகப் பொரளை மயானத்தில் எரிக்கப்பட்டது. அதன் பின் பல இனத்தவரும் பல மதத்தவரும் வந்து மயான வேலியில் வெள்ளைத் துணித் துண்டுகளைக் கட்டினார்கள். அது கபன் துணியின் நிறம். அந்தத் துண்டுகள் அங்கே நிலைக்கவில்லை. ஆனால் அவற்றை எத்தனையோ பேர் படம் பிடித்திருந்தார்கள். 2021 பெப்ரவரி இறுதியில்தான் நல்லடக்கத்துக்கு அனுமதி கிடைத்தது. அதுவும் கொழும்பிலிருந்து வெகு தொலைவில், ஓட்டமாவடியில். 2024 ஜூலையில் அமைச்சரவை மன்னிப்புக் கேட்கத் தீர்மானித்தது. வேலியில் இன்று துணி இல்லை. அது கட்டப்பட்டது என்பதற்குப் படங்களே சாட்சி.

இந்த இரண்டு படங்களும் தேவையானவை. அவை இல்லாவிட்டால் அப்படியெல்லாம் நடக்கவில்லை என்று சொல்வதற்கு ஆட்கள் இருப்பார்கள். ஆயினும் இவற்றுக்கு ஒரு எல்லை இருக்கிறது. 1983 ஆம் ஆண்டுப் படம் அந்த மனிதரின் இறுதிக் கணத்தை மட்டுமே அறியும். அவர் எந்த ஒழுங்கையில் குடியிருந்தார், எந்தக் கடையில் தேநீர் குடித்தார், வீட்டில் அவரை என்ன பெயர் சொல்லி அழைத்தார்கள் என்பதெல்லாம் அந்தப் படத்துக்குத் தெரியாது. செய்திப் படம் சம்பவம் நடக்கும்போது வருகிறது, முடிந்ததும் போய்விடுகிறது. ஓர் இடத்தில் மனிதர் வாழ்ந்த வாழ்வைப் பிடிப்பதற்கு வேறொரு வகைப் படம் வேண்டும். அது பொறுமையாக அமர்ந்து கேட்கும் படமாக இருக்க வேண்டும்.

அத்தகைய படத்தைத் தன் வாழ்நாள் வேலையாக்கிக் கொண்டவர்களில் ஒருவர் நளினி மலானி. 1946 இல் கராச்சியில் பிறந்தவர். அடுத்த ஆண்டே பிரிவினை வந்தது. கைக்குழந்தையாக இருந்த அவருடன் குடும்பம் முதலில் கல்கத்தாவுக்கும் பின்னர் பம்பாய்க்கும் இடம்பெயர்ந்தது. கராச்சியைக் கண்ணால் கண்ட நினைவு அந்த வயதில் தங்கியிருக்க நியாயமில்லை. ஆனால் வீட்டில் பெரியவர்களின் பேச்சில் கராச்சி இருந்தது. விட்டுவந்த இடம் ஒன்று பிள்ளைகளுக்கு இப்படித்தான் வந்து சேர்கிறது. பம்பாய் ஜே. ஜே. கலைக் கல்லூரியில் ஓவியம் பயின்ற அவர், ஓவியத்தோடு நிற்காமல் படச்சுருளையும் பின்னர் காணொளியையும் கையிலெடுத்தார். 2023 இல் ஜப்பானின் கியோட்டோ பரிசு அவருக்கு வழங்கப்பட்டது.

அவருடைய இரண்டு படைப்புகளை மட்டும் இங்கே சொல்கிறேன். இரண்டுமே நம் ஊருக்குப் பொருந்துபவை.

முதலாவது 1998 இல் அவர் செய்தது. ‘தோபா தேக் சிங்’ என்பது சஆதத் ஹசன் மண்டோ உருதுவில் எழுதிய புகழ்பெற்ற சிறுகதை. பிரிவினையின்போது இரு நாடுகளும் மனநல விடுதி நோயாளிகளைக் கூடப் பங்கிட்டுக் கொள்கின்றன. தன் ஊர் எந்த நாட்டில் இருக்கிறது என்று விளங்காத ஒருவன், இரண்டு எல்லைகளுக்கும் நடுவே எவருக்கும் சொந்தமில்லாத மண்ணில் விழுகிறான். 1998 மே மாதம் இந்தியா பொக்ரானில் அணுகுண்டுச் சோதனை நடத்தியபோது, மலானிக்கு இந்தக் கதை நினைவுக்கு வந்தது. அதை நினைவுகூர்ந்து ஓர் அறை முழுவதையும் படைப்பாக்கினார். தரையில் தகரப் பெட்டிகள் வைக்கப்பட்டிருக்கும். அகதிகள் கையோடு கொண்டுவந்த வகைப் பெட்டிகள். அவற்றுக்குள் சிறு திரைகளில் படம் ஓடும். எதிரெதிர்ச் சுவர்களில் இரண்டு பெண்கள் தோன்றுவார்கள். இருவரும் ஒரே சேலையை மடிக்க முயல்வார்கள். நடுவே அறையின் அகலம் முழுவதும் கிடப்பதால் அந்தச் சேலை மடிபடாது. அந்த அகலம்தான் எல்லைக்கோடு. இரண்டு பேர் கூடிச் சேலை மடிப்பதை நம் உம்மாமார் நாளும் செய்கிறார்கள். அந்தச் சிறு வேலை இயலாமற் போனதைக் காட்டியே ஒரு நாடு பிளந்ததை அவர் சொல்லிவிட்டார்.

இதை வாசிக்கும் பிள்ளைகளில் சிலரின் குடும்பங்கள் வடக்கிலிருந்து வந்தவை. 1990 ஒக்டோபர் இறுதியில் யாழ்ப்பாண முஸ்லிம்களுக்கு விடுதலைப் புலிகள் கொடுத்தது இரண்டு மணித்தியால அவகாசம். நகையும் பணமும் பறிக்கப்பட்டு அவர்கள் வெளியேறினார்கள். அந்த வீடுகளின் வாசல் எந்தத் திசையைப் பார்த்தது, முற்றத்தில் நின்றது என்ன மரம் என்பவை இன்று மூத்தவர்களின் மனதில் மட்டுமே இருக்கின்றன. அவர்களுக்கு ஒரு தகரப் பெட்டி கூட இல்லை. அவர்களுடைய பேச்சுத்தான் பெட்டி. அதற்குள் இருப்பதை இன்னும் எத்தனை ஆண்டுகளுக்கு நாம் எடுத்துப் பார்க்க முடியும்?

மலானியின் மற்றப் படைப்பு ‘உட்டோப்பியா’. இலட்சிய உலகம் என்று பொருள் கொள்ளலாம். 1969 இல் அவர் ஒரு சிறிய கட்டட மாதிரியை வண்ண ஒளியில் சட்டகம் சட்டகமாகப் படம் பிடித்தார். எல்லோருக்கும் அழகான வீடு கிடைக்கும் என்று புதிய இந்தியா கண்ட கனவு அதில் இருந்தது. 1976 இல் இன்னொரு படம் எடுத்தார். அதில் ஓர் இளம்பெண் பம்பாயின் குடிசைகளையும் எழும்பும் மாடிகளையும் பார்த்தபடி நிற்கிறாள். இதற்கு நிறமில்லை, கறுப்பு வெள்ளை மட்டுமே. இரண்டு படங்களையும் அருகருகே ஓடவிட்டார். ஒன்றில் கனவு, மற்றதில் ஏழு ஆண்டுகள் கழித்து அந்தக் கனவுக்கு நேர்ந்த கதி. விளக்கவுரை ஏதும் தேவைப்படவில்லை.

பொரளைப் பிள்ளைகளுக்கு இந்தப் படைப்பை விளக்க அதிகம் பாடுபட வேண்டியதில்லை. பேஸ்லைன் வீதியில், வனாத்தமுல்லையில், 2001 இல் சஹஸ்புர என்ற தொடர்மாடி எழுந்தது. அதில் 14 மாடிகளில் 671 வீடுகள். ‘வத்தை’ என்று நாம் சொல்லும் தோட்டங்களில் பலகையும் தகரமும் கொண்டு கட்டிய வீடுகளில் இருந்தவர்கள் அங்கே குடியேற்றப்பட்டார்கள். 2010 இற்குப் பின் நகர அபிவிருத்தி அதிகார சபையின் திட்டத்தின் கீழ் வனாத்தமுல்லை, தெமட்டகொடை, மாளிகாவத்தை என்று மேலும் பல மாடிகள் வந்தன. ஒழுகாத கூரையும், வீட்டுக்குள்ளேயே கழிவறையும், குழாய்த் தண்ணீரும் கிடைத்தன. இதைச் சிறிதென்று சொல்பவர் மழைக்காலத்தில் தோட்டத்தில் ஒரு நாள் இருந்து பார்க்கட்டும். ஆனாலும் வேறு சில போயின. வாசற்படியில் அமர்ந்து பேசிய மாலை நேரம் போயிற்று. ஒரு வீட்டில் மையித்து என்றால் முழுத் தோட்டமும் அடுப்பை அணைத்துவிட்டு வந்த வழக்கம் மின்தூக்கிக்குக் காத்து நிற்கிறது. இங்கே கனவும் உண்மை, இழப்பும் உண்மை. இரண்டையும் அருகருகே வைத்துக் காட்டும் படம் ஒன்று நமக்கும் வேண்டும். அதை எடுக்கத் தகுதியானவள் 9 ஆம் மாடியில் குடியிருக்கும் மாணவிதான், எங்கிருந்தோ வரும் ஆய்வாளர் அல்ல.

இது வெறும் ஆசை அல்ல என்பதற்குக் கொழும்பிலேயே முன்மாதிரி இருக்கிறது. கொம்பனித்தெருவைச் சேர்ந்த ஓவியர் பிரி ரஹ்மான், விக்கி ஷாஜஹான், பரிலோஜிதன் இராமநாதன் ஆகியோருடன் சேர்ந்து 2018 இல் ஒரு கலை முயற்சியைத் தொடங்கினார். ‘நாங்கள் இவ்விடத்தவர்கள்’ என்பது அதன் பெயரின் பொருள். மலாய் மக்களும் சோனகரும் தமிழரும் சிங்களவரும் தலைமுறைகளாகக் கலந்து வாழ்ந்த அந்தத் தெருக்களில் பழைய கட்டடங்கள் இடிபட்டு வானளாவிய மாடிகள் எழத் தொடங்கியிருந்த காலம் அது. இளைஞர்கள் அயலவர்களைத் தேடிச் சென்று அவர்களின் கதைகளையும் திறமைகளையும் பதிந்தார்கள். உருவங்களைச் சுவரில் வரைந்தார்கள். தெருவுக்கு மக்களின் கண்ணால் ஒரு வரைபடம் செய்தார்கள். இடிப்பை அவர்களால் தடுக்க முடியவில்லை. ஆனால் ‘இங்கே ஒன்றும் இருக்கவில்லை, வெறும் சேரிதான்’ என்று இனி ஒருவர் எளிதில் சொல்லிவிட முடியாது. பொரளைக்கு அப்படி யார் இருக்கிறார்கள்?

‘படம் எடுப்பது நம் மரபில் உள்ளதா?’ என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். கருவி புதியது, பணி பழையது என்பதே என் பதில். கேட்டதைக் கேட்டபடி, யாரிடம் கேட்டோம் என்ற சங்கிலியோடு அடுத்தவரிடம் ஒப்படைப்பதை நம்மைப் போல் பேணிய சமூகம் அரிது. ஹதீஸ் கலையின் இஸ்னாத் அதுதானே. அந்தச் சங்கிலியில் முதன்மையான இடத்தில் ஒரு பெண் இருக்கிறார். அன்னை ஆயிஷா (ரழி) அவர்கள் அறிவித்தவை 2,210 ஹதீஸ்கள் என்று அறிஞர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள். நபிகளாரின் வீட்டுக்குள் நடந்தவற்றை அவர் நினைவில் வைத்துச் சொல்லியிராவிட்டால் நமக்கு எவ்வளவு தெரியாமற் போயிருக்கும்! வீட்டுக்குள் நடந்ததைப் பத்திரமாக வெளியே கொண்டுவந்து தருவது பெண்ணின் பொறுப்பாக இருந்திருக்கிறது. நினைவு ஓர் அமானிதம். நம் மூத்தும்மாமார் நம்மிடம் ஒப்படைப்பதை நாம் தொலைத்துவிடக் கூடாது.

பெற்றோரின் தயக்கம் வெறும் பிடிவாதம் அல்ல என்பதையும் சொல்ல வேண்டும். உருவப்படம் பற்றி மார்க்க அறிஞர்களிடையே வேறுபட்ட கருத்துகள் உண்டு. பெண்பிள்ளையின் முகம் யார் யாருடைய போனிலோ சுற்றிவிடும் என்ற பயம் நியாயமானது. 2019 ஏப்ரல் 21 இற்குப் பின், ஹிஜாப் அணிந்த பிள்ளை வீதியில் நின்று எதையாவது படம் பிடித்தால் என்ன கேள்வி வரும் என்ற பயமும் நியாயமானதே. ஆனால் நினைவைப் பதிவதற்கு முகம் கட்டாயமில்லை. பிட்டுக் குழலை நிரப்பும் கைகளைக் காட்டலாம். தஸ்பீஹ் உருட்டும் விரல்களைக் காட்டலாம். வெறுமையான ஒரு கதிரையைக் காட்டிக்கொண்டு, அதில் வழக்கமாக அமர்பவரின் குரலைக் கேட்கச் செய்யலாம். வீதிக்குப் போகவும் தேவையில்லை; யன்னலிலிருந்து தொடங்கலாம். எடுத்ததை இணையத்தில் போட வேண்டும் என்ற விதி எங்கும் இல்லை. குடும்பத்துக்கு மட்டும் வைத்திருக்கும் படமும் படம்தான்.

எதைக் கேட்பது என்பதிலேயே எல்லாம் இருக்கிறது. என் உம்மும்மாவிடம் ‘அந்தக் காலம் எப்படி இருந்தது?’ என்று கேட்டபோதெல்லாம் ‘நல்லாத்தான் இருந்தது மகள்’ என்பதற்கு மேல் ஒன்றும் கிடைக்கவில்லை. ஒரு நாள் ‘தோட்டத்துக் குழாயடியில் தண்ணீர் எத்தனை மணிக்கு வரும்?’ என்று கேட்டேன். விடியற்காலை வரிசை, வாளிகளின் ஓசை, யார் யாரோடு கோபித்தார்கள், 83 இல் குழாயடியில் எதிரே நிற்கும் தமிழ் அக்கா எந்த வீட்டில் எத்தனை இரவு மறைந்திருந்தார், பிறகு எந்தக் கப்பலில் காங்கேசன்துறைக்குப் போனார் என்று அவர் முக்கால் மணி நேரம் பேசினார். என் போனில் இருப்பது அவருடைய கைகளும் குரலும் மாத்திரமே. பெரிய கேள்விக்குச் சம்பிரதாயமான பதில்தான் வருகிறது. படிகள் எத்தனை, கிணறு எங்கே, விளக்கு என்ன நிறம் என்று கேட்டால் அந்த இடமே எழுந்து வருகிறது.

அதற்கு ஒழுங்குகளும் உண்டு. அனுமதி கேட்டே எடுக்க வேண்டும். எடுத்த பின் ஒருவர் வேண்டாம் என்றால் அழித்துவிட வேண்டும். பேசுபவர் மௌனமானால் அந்த மௌனத்தை வெட்டக் கூடாது. அதன் மேல் சோகப் பாட்டு ஒட்டவும் கூடாது. பெயர், திகதி, இடம் ஆகியவற்றை எழுதி வைக்க வேண்டும். ஒரு பிரதியை வேறோர் இடத்திலும் சேமிக்க வேண்டும், போன் உடைந்தால் நினைவும் உடைந்துவிடும். முக்கியமாக, நம் வேதனையை மட்டும் பதிவது போதாது. பக்கத்து வீட்டுத் தமிழ் அம்மாவின் 83 உம், சிங்களக் குடும்பம் போரில் இழந்த மகனும் இதே ஒழுங்கையின் நினைவுகள். மயான வேலியில் நமக்காக வெள்ளைத் துணி கட்டியவர்கள் நம்மவர்கள் மட்டுமல்லவே.

‘பழசைக் கிளறினால் பகைதான் வளரும்’ என்று சிலர் சொல்வார்கள். என் அனுபவத்தில் பகையை வளர்ப்பது அரைகுறை நினைவு. யார் யாரை அடித்தார்கள் என்பது மட்டும் தலைமுறை தாண்டி வருகிறது. யார் யாரை ஒளித்து வைத்தார்கள் என்பது வருவதில்லை. முழு நினைவில் இரண்டும் இருக்கும்.

கல்லூரி என்ன செய்யலாம்? ஆண்டுதோறும் தமிழ் தினத்துக்குக் கவிதையும் நாடகமும் பேச்சும் வைக்கிறோம். அத்தோடு ஐந்து நிமிட நினைவுப் படம் ஒன்றையும் ஒரு போட்டியாக வைக்கலாம். தமிழும் வரலாறும் சித்திரமும் கற்பிக்கும் ஆசிரியைகள் மூவரும் சேர்ந்து வழிநடத்தலாம். பொரளையில் கோதமி விகாரைச் சுவர்களில் 1939, 40 களில் ஜோர்ஜ் கீற் வரைந்த ஓவியங்கள் இருக்கின்றன. ஓர் இடம் தன் நினைவைக் கலையில் காப்பது எப்படி என்று காட்ட, சித்திரப் பாடத்துக்கு அதைவிட அருகில் வேறு பாடம் இல்லை. குடும்பங்கள் சம்மதித்த படங்களை நூலகம் ஒரு வன்தட்டில் சேர்த்து வைக்கலாம். பத்து ஆண்டுகளில் எந்தப் பல்கலைக்கழகத்திடமும் இல்லாத ஒரு களஞ்சியம் நம் நூலக அலுமாரியில் இருக்கும்.

பெற்றோர்களே, உங்கள் மகள் போனும் கையுமாக இருக்கிறாள் என்று குறைப்படுகிறீர்கள். அந்தப் போனை ஒரு வெள்ளிக்கிழமைப் பின்னேரம் மூத்தும்மாவின் பக்கத்தில் வைத்துக் கேட்கச் சொல்லுங்கள். பொரளையைப் பற்றிப் பிறர் எடுத்த படங்களில் நாம் இறந்துகொண்டிருக்கிறோம், அல்லது எரிந்துகொண்டிருக்கிறோம். அங்கே நாம் வாழ்ந்தோம் என்று காட்டும் படத்தை நம் பிள்ளைகள்தாம் எடுக்க வேண்டும்.